சூட்டுக் கந்தோர்

சம்மாந்துறையில் உழவு மெசின் திருத்துகிற சீனிமுகம்மதுவுக்கு அரசாங்கத்தோடு எந்தப் பிரச்சினையும் இருந்ததில்லை. அவருக்குப் பிரச்சினை மழையோடுதான். வேளாண்மை வெட்டுகிற நாள் பார்த்து மூன்று வருடமாக மழை தவறாமல் வந்தது. வெட்டிய நெல்லைத் தெருவில் படங்கு விரித்துக் காயப் போடுவார்கள். அரை மணி வெயில் எறிக்கும். பிறகு படங்கோடு நெல்லும் மிதக்கும்.

நாலாவது வருடம் அவர் ஒரு மெசின் செய்தார். தகரத்தில் ஒரு பெரிய கூடு, அதன் பக்கத்தில் உமி எரிக்கும் அடுப்பு, பழைய லொறி ஒன்றிலிருந்து கழற்றிய காற்றாடி. அடுப்புச் சூட்டைக் காற்றாடி கூட்டுக்குள் தள்ளும். நெல்லுக்குள்ளால் புகுந்து வரும் காற்று ஈரத்தையும் கூட்டிக்கொண்டு வெளியேறும். எட்டு மணித்தியாலத்தில் நாற்பது மூடை காய்ந்துவிடும். அந்தத் தை மாதம் அவர் வளவுக்கு வெளியே உழவு மெசின்கள் நெல் மூடைகளோடு வரிசையில் நின்றன.

மூன்றாவது கிழமை ஜீப் ஒன்று வந்தது. கழுத்தில் அட்டை தொங்க இரண்டு பேர் இறங்கினார்கள். ஒருவர் கூட்டுக்கு மேலே கையைப் பிடித்துப் பார்த்தார். அவர் முகத்தில், தேடியது கிடைத்த சந்தோசம்.

"காத்து சூடா வருது" என்றார். மற்றவர் எழுதிக்கொண்டார்.

"பெர்மிட் எங்க?"

"எதுக்கு சேர்?"

"காத்துக்கு."

கரையோர வெப்பப் பெயர்ச்சி ஒழுங்குபடுத்தல் அதிகாரசபை என்று ஒன்று கல்முனையில் இருப்பது அன்றுதான் சீனிமுகம்மதுவுக்குத் தெரிந்தது. சனங்கள் அதைச் சூட்டுக் கந்தோர் என்பார்கள். பதிவின்றி வெப்பத்தை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு அனுப்பிய குற்றத்துக்காகக் காற்றாடியின் சுவிட்சிலும் கூட்டின் கதவிலும் கம்பி சுற்றி ஈயச் சீல் வைத்துவிட்டு அவர்கள் போனார்கள்.

கூட்டுக்குள் அப்போது இருந்தது அவருடைய தங்கை ஸம்றாவின் நெல். நாற்பது மூடை, ஒரு மணி நேரத்துக்கு முன்தான் கொட்டியது. ஸம்றாவின் புருசன் மௌத்தாகி இரண்டு வருடம். அந்த நெல்தான் அவளுக்கும் பிள்ளைகளுக்கும் வருசச் சாப்பாடு, அடுத்த போகத்துக்கு விதை. ஈர நெல்லைக் காற்றில்லாமல் குவித்து வைத்தால் ஒரு நாளில் புளிக்கும், இரண்டாம் நாள் முளைக்கும்.

மறுநாள் காலை முதல் பஸ்ஸில் சீனிமுகம்மது கல்முனைக்குப் போனார்.

கந்தோர் கடற்கரை வீதியில் இருந்தது. மூன்று மாடி உயரத்துக்கு முழுவதும் கண்ணாடி, உள்ளே ஒரே மண்டபம், உச்சியில் புகைபோக்கி மாதிரி ஒரு கோபுரம். வாசற்கல்லில் "இயற்கைக் காற்றோட்டத்தினால் தானே குளிரும் முன்மாதிரிக் கட்டடம்" என்று எழுதியிருந்தது. தானே குளிரும் என்பதால் அதற்கு ஏசி வாங்கவில்லை. மின்விசிறியும் வாங்கவில்லை. காற்று பிழையான வழியால் வந்துவிடக் கூடாதென்று யன்னல்களை எல்லாம் ஆணி முடுக்கி மூடியிருந்தார்கள்.

வாசலில் காவலாளி அவருடைய அடையாள அட்டையை வாங்கி மேசை லாச்சிக்குள் போட்டார். ஒரு புத்தகத்தைத் திறந்து, பெயருக்கு நேரே "வெப்ப மூலம் - 1" என்று எழுதி, ஒரு இலக்கத் துண்டு கிழித்துக் கொடுத்தார்.

"அதென்ன சேர்?"

"ஒரு மனிசன் எண்டா ஒரு நூறு வாட் பல்ப் மாதிரி. உள்ளுக்கு எத்தின பல்ப் வந்ததோ அத்தின பல்ப் வெளிய போகணும். இல்லாட்டிக் கட்டடத்துட சமநிலை குழம்பிரும்."

"எனக்கு இடையில வெளிய போகத் தேவைப்பட்டா?"

"சமநிலை உத்தியோகத்தர் கையெழுத்து வெக்கணும்."

"அவர் எங்க இரிக்கார்?"

"அறுகம்பேயில. கடக்காத்தப் பத்தி மூண்டு நாள் செயலமர்வு. நாலு மணிக்கு மணி அடிச்சா எல்லாரையும் விடுவம். அப்ப உங்கட துண்டு செல்லாது. நாளைக்கு வந்து புதுத் துண்டு எடுக்கணும்."

கதவு பின்னால் மூடிக்கொண்டது.

உள்ளே அறுபது பேரளவில் இருந்தார்கள். போறணைக்குள் தலையை விட்டதுபோல் இருந்தது சீனிமுகம்மதுவுக்கு. அவர் உட்கார்ந்த மர வாங்கில் பக்கத்தில் இருந்த அம்மா உண்மையிலேயே போறணைக்காரி. பெயர் றஞ்சிதமலர், கல்முனையில் பேக்கரி வைத்திருந்தார். போறணையின் புகைபோக்கியால் சூடு போகிறது என்பது அவர்மேல் வழக்கு.

"எத்தினையாம் நாள் தம்பி?" என்று கேட்டார்.

"முதல் நாள் அக்கா."

"எனக்கு மூண்டாம் நாள். இந்தாங்க, தண்ணி குடிங்க. மெதுவாக் குடிங்க. இஞ்ச கக்கூசுக்குப் போறதுக்கும் வேற துண்டு."

கடல் நூறு மீற்றர் தூரத்தில் அலையடித்தது. கண்ணாடிக்கு வெளியே தென்னோலை நன்றாக ஆடியது. உள்ளே ஒரு கடதாசியும் அசையவில்லை.

பத்தரை மணிக்கு அவருடைய இலக்கம் கூப்பிட்டார்கள். மேசையில் இருந்த நேசராசா என்ற உத்தியோகத்தர் நல்ல மனிதர். நனைந்த லேஞ்சித் துணியைத் தலையில் போட்டுக்கொண்டு இருந்தார். பதினெட்டுப் பக்கப் படிவத்தை எடுத்து முதற்கேள்வியை வாசித்தார்.

"உங்கட மெசின்ல வெப்பம் போறது கடத்தலாலயா, மேற்காவுகையாலயா, கதிர்வீசலாலயா?"

சீனிமுகம்மது எழும்பி நின்றார். "அல்லாஹ்ட காவல் சேர்! கடத்தல் கிடத்தல் எல்லாம் நமக்குத் தெரியா. எங்கட வாப்பா காலத்துல இருந்து அப்பிடி ஒரு பேரு எங்களுக்கு இல்ல."

"அந்தக் கடத்தல் இல்ல. இரிங்க. மேற்காவுகை எண்டு போடுறன், காத்து சூட்டக் காவிட்டுப் போறது. அதுதான் கொஞ்சம் மரியாத. அடுத்தது, மெசினுக்குள்ள பாயி இருக்கா?"

"பாய் இல்ல சேர். படங்குதான்."

"பாயி எண்டா ஓடுற சாமான். தண்ணி, காத்து, அப்பிடி."

"காத்து இரிக்கி."

"அப்ப ஓம் எண்டு போடுறன். இயற்கையா, வலிந்ததா?"

"விளங்கல்ல சேர்."

"காத்து தானாப் போகுதா, யாரும் வற்புறுத்துறாங்களா?"

சீனிமுகம்மது உண்மை பேசுகிற மனிதர். "காத்தாடி போட்டுத் தள்ளுறன் சேர்" என்றார்.

நேசராசாவின் பேனை நின்றது. "அப்பிடிச் சொல்லாதீங்க. வற்புறுத்தல் எண்டா மற்றப் பிரிவு. பொலிஸ் அறிக்கை, கிராம சேவகர்ட கடிதம், அயல்வீட்டாக்கள் ரெண்டு பேர்ட சம்மதம், எல்லாம் கேப்பாங்க. காத்து விரும்பித்தான் போகுது எண்டு எழுதுறன்." எழுதினார். "கடைசி ஒண்டு. உங்கட நசெல்ட் எண்?"

சீனிமுகம்மது அடையாள அட்டை இலக்கத்தைச் சொன்னார். அது இல்லை என்றதும் போன் நம்பரைச் சொன்னார். அதுவும் இல்லை. உழவு மெசினின் பதிவு இலக்கத்தையும் சொல்லிப் பார்த்தார்.

"அது என்ன நம்பர் சேர்? எங்க எடுக்கிற?"

நேசராசா அக்கம்பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "எனக்கும் சரியாத் தெரியா. பதினொரு வருசமா இந்தக் கேள்வியக் கேக்கன். ஒருத்தரும் விடை சொல்லல்ல. கொழும்பில இருந்து ஒதுக்கித் தரணும் எண்டு நினைக்கன். வந்ததும் சீல உடைச்சித் தருவம்."

"எப்ப வரும்?"

"இன்னும் ஒருத்தருக்கும் வரல்ல."

வாங்குக்குத் திரும்பியபோது போன் அடித்தது. ஸம்றா.

"காக்கா, தகரத்துல கைய வெச்சன். சுடுது."

"அடுப்பு மூட்டினயா?"

"அடுப்பு நேத்தே நூந்துபோச்சே. நெல்லு தன்ட பாட்டுல சுடுது. புளிச்ச வாடையும் வருது. சீல வெட்டவா?"

"வெட்டிராதகா! அரசாங்கச் சீல். ஜெயில்ல போட்டிருவாங்க."

"நெல்லு முளைச்சா அத யார ஜெயில்ல போடுற?"

அவர் போனை வைத்தார். ஈர நெல் மூச்சு விடும். மூச்சு விட்டால் சூடு வரும். அந்தச் சூட்டை வெளியே கொண்டுபோகக் காற்று இல்லாவிட்டால் நெல் தன் சூட்டிலேயே அவிந்துபோகும். இதை அவர் எந்தப் படிவத்திலும் படிக்கவில்லை. கையை விட்டுப் பார்த்துத் தெரிந்துகொண்டது. அவருடைய சேட்டு முதுகோடு ஒட்டியிருந்தது. வாங்கில் இருந்த ஒரு வயதானவர் வாயைத் திறந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். சீனிமுகம்மது வாசலுக்குப் போய்த் தன்னை விடும்படி கேட்டார். காவலாளி புத்தகத்தைத் திருப்பிக் காட்டினார். சமநிலை.

பதினொன்றரைக்குப் பணிப்பாளர் கலாநிதி றம்ஸீன் மண்டபத்துக்கு வந்தார். அது வெப்ப விழிப்புணர்வு வாரமாம். கோபுரத்தின் அடிவாய்க்குக் குறுக்கே அவருடைய படம் போட்ட பெரிய பிளாஸ்டிக் பதாகை கட்டியிருந்தது. அவருடைய அறையில் மட்டும் ஏசி இருந்ததால் கோட்டுப் போட்டிருந்தார். எல்லாரையும் எழும்பி நிற்கச் சொன்னார்கள்.

"அன்பார்ந்த வெப்ப மூலங்களே" என்று தொடங்கினார். "இந்த அதிகாரசபை வரமுன் இந்தக் கரையோரத்தில் வெப்பம் தன் விருப்பத்துக்கு அலைந்து திரிந்தது. தேத்தண்ணி யாரையும் கேட்காமல் ஆறியது. இன்று அப்படியல்ல. சென்ற ஆண்டு நாலாயிரத்து இருநூறு விண்ணப்பங்கள் கிடைத்தன. ஒன்றைக்கூட நாங்கள் அவசரப்பட்டு அனுமதிக்கவில்லை. வெளிநாட்டு நிபுணர் ஒருவர் வந்தார். இந்த மண்டபத்தில் பத்து நிமிடம் நின்றார். இப்படி ஒரு கட்டடத்தைத் தன் வாழ்நாளில் கண்டதில்லை என்று சொல்லிவிட்டுத்தான் மயங்கினார்."

கைதட்டினார்கள். கைதட்டுவது சூட்டைக் கூட்டும் என்று றஞ்சிதமலர் தட்டவில்லை.

"கட்டடத்தின் திறமையை இப்போது உங்கள் கண்ணால் காணலாம். புகை எப்படி மேலே எழுந்து, கோபுரத்தால் வெளியேறுகிறது என்று பாருங்கள்."

ஒரு சிற்றூழியர் தகரச் சட்டியில் தென்னம்பொச்சைப் பற்றவைத்துக் கொண்டுவந்தார். புகை மேலே எழுந்தது. பணிப்பாளர் விரலால் அதைப் பின்தொடர்ந்தார். புகை பதாகையில் முட்டி, அவருடைய படத்தின் மூக்கடியில் கொஞ்ச நேரம் நின்று, வழி காணாமல் கண்ணாடியோரமாகக் கீழே இறங்கத் தொடங்கியது. விரலும் கூடவே இறங்கியது.

அப்போதுதான் தீ அபாய மணி அடித்தது. தீக்குக் காற்றுக் கிடைக்கக் கூடாது என்பதற்காகக் கதவுகள் தானாகப் பூட்டிக்கொள்ளும் ஏற்பாடு அந்தக் கட்டடத்தில் இருந்தது. ஏற்பாடுகளில் அது ஒன்றுதான் ஒழுங்காக வேலை செய்தது. இரும்புக் கதவு மேலிருந்து இறங்கியது. பணிப்பாளரின் அறைக் கதவும் பூட்டிக்கொண்டது, பணிப்பாளர் வெளியே நிற்க.

"திறப்பு எங்கே?" என்று கேட்டார்.

"அறுகம்பேயில சேர், சமநிலை உத்தியோகத்தர்ட சாவிக்கொத்துல" என்றார் காவலாளி.

பொச்சை அணைத்தார்கள். புகை போகவில்லை. இருமல் மண்டபம் முழுவதும் பரவியது. அந்த வயதானவர் வாங்கிலிருந்து சரிந்தார். றஞ்சிதமலர் அவரைத் தரையில் கிடத்தி, தன் கைத்துண்டை நனைத்து முகத்தில் போட்டு, "கண்ணாடிய உடைங்க!" என்று கத்தினார்.

"பதற வேண்டாம்" என்றார் பணிப்பாளர். அவர் கோட்டைக் கழற்றவில்லை. "கண்ணாடி அரச சொத்து. அதை உடைக்கச் சபையின் தீர்மானம் வேண்டும். அதிர்ஷ்டவசமாக உறுப்பினர்கள் எல்லாரும் உள்ளேதான் அகப்பட்டிருக்கிறோம். கூட்டத்தை ஆரம்பிக்கலாம்."

மேசையைச் சுற்றி ஏழு பேர் உட்கார்ந்தார்கள். சென்ற கூட்ட அறிக்கை வாசிக்கப்பட்டது. அதில் ஒரு எழுத்துப்பிழை திருத்தப்பட்டது. கண்ணாடியை உடைப்பது இயற்கையா வலிந்ததா என்று ஓர் உறுப்பினர் கேள்வி எழுப்பினார். அதை ஆராய மூவர் கொண்ட உபகுழு அமைக்கத் தீர்மானமானது. உபகுழுவின் தலைவராக சமநிலை உத்தியோகத்தரை நியமித்தார்கள்.

சீனிமுகம்மது கூட்டத்தைப் பார்க்கவில்லை. அவர் புகையைப் பார்த்தார். மேலே ஓட்டை அடைபட்டிருந்தது, அது தெரிந்தது. ஆனால் மேலால் போக வேண்டுமென்றால் கீழால் ஏதாவது வர வேண்டுமே. கடற்பக்கச் சுவரில் நிலத்தோடு ஒட்டி என்ன இருக்கிறது என்று குனிந்து பார்த்தார். இரும்பு அலுமாரிகள். அலுமாரிகளுக்கிடையில் கோப்புக் கட்டுகள், ஆள் உயரத்துக்கு. ஒரு கட்டை உருவினார். பின்னால் பலகை. பலகையின் விளிம்பில் விரலை வைத்தார். ஊசி முனை அளவில் குளிர்ந்த காற்று விரலில் பட்டது.

"இதுக்குப் பின்னால என்ன சேர்?" என்று நேசராசாவைக் கேட்டார்.

"காத்து வாற வழி. கட்டின ஆக்கள் வெச்சது. கோப்பு வெக்க இடமில்லாம அடைச்சிட்டம். எலியும் வந்திச்சி."

"ஒரு கை பிடிங்க."

நேசராசா கூட்டத்தைப் பார்த்தார், தரையில் கிடந்த வயதானவரைப் பார்த்தார். பிறகு தலையிலிருந்த லேஞ்சியை எடுத்துக் காற்சட்டைப் பைக்குள் திணித்தார். இருவரும் அலுமாரியை நகர்த்தினார்கள். மேசையில் இருந்த, கோடு போடுகிற இரும்பு அடிமட்டத்தைப் பலகைக்குள் செருகி சீனிமுகம்மது நெம்பினார். பலகை பிளந்தது. பின்னால் இருந்த மரச்சட்டங்கள் உக்கிப்போயிருந்தன. காலால் உதைக்க விழுந்தன. சனங்கள் விளங்கிக்கொண்டார்கள். கோப்புக் கட்டுகள் கை மாறி அந்த ஓட்டையால் வெளியே மணலில் போய் விழுந்தன.

"அது ஆவணம்!" என்று பணிப்பாளர் கத்தினார். "பன்னிரண்டு வருட ஆவணம்!"

"ஒரு ஆளும் உள்ளுக்கு மௌத்தாகாம இருந்தாச் சரி சேர்" என்றார் சீனிமுகம்மது. தூணில் கட்டியிருந்த பதாகைக் கயிற்றை அவிழ்த்தார்.

பணிப்பாளரின் முகம் மூன்று மாடி உயரத்திலிருந்து சாவகாசமாக இறங்கி, கூட்டம் நடந்த மேசையை மூடியது. ஒரு கணம் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு மண்டபம் ஒரு பெருமூச்சு விட்டது. தரையோரமாகக் கடற்காற்று நுழைந்தது, கடதாசிகள் எழும்பின, புகை சுருண்டு சுருண்டு கோபுரத்துக்குள் ஏறிப் போனது. றஞ்சிதமலர் அழுதார். வயதானவர் கண்ணைத் திறந்து தண்ணி கேட்டார்.

பதாகைக்கு அடியிலிருந்து வெளியே வந்த பணிப்பாளர் மேலே பார்த்தார். நீண்ட நேரம் பார்த்தார்.

"நான் சொன்னேன் அல்லவா?" என்றார். "கட்டடம் வடிவமைத்தபடியே இயங்குகிறது. அறிக்கையில் சேர்த்துக்கொள்ளுங்கள்."

சீனிமுகம்மது அதற்குள் தரையில் குப்புறப் படுத்து அந்த ஓட்டையால் ஊர்ந்துகொண்டிருந்தார். பின்னால் நேசராசா, "தம்பி, அடையாள அட்ட உள்ளுக்கு இருக்கு!" என்றார். "அது இரிக்கட்டும் சேர். நெல்லு இரிக்காது." அவருக்குப் பின்னால் அந்த வயதானவரை இழுத்து எடுத்தார்கள், பிறகு றஞ்சிதமலர், பிறகு ஒவ்வொருவராக அறுபது பேரும் மணலில் வந்து விழுந்தார்கள். சபை உறுப்பினர்கள் வரவில்லை. ஊர்ந்து போவதற்குச் சுற்றறிக்கை இல்லை. மாலை திறப்பு வரும்வரை உள்ளேயே இருந்தார்கள்.

பஸ் காரைதீவு தாண்டும்போது மழை தொடங்கியது. வளவுக்குள் நுழைந்த சீனிமுகம்மது தூரத்திலேயே காற்றாடிச் சத்தத்தைக் கேட்டு நின்றுவிட்டார். ஸம்றா கூட்டின் பக்கத்தில் அடுப்புக்கு உமி தள்ளிக்கொண்டிருந்தாள். கையில் கரி.

"பாக்குவெட்டியால வெட்டினன்" என்றாள். "ஜெயிலுக்குக் கூட்டிப் போக வந்தா, நெல்லு காயுமட்டும் நிக்கச் சொல்லுங்க காக்கா."

அவர் கையை நெல்லுக்குள் விட்டார். அடியில் ஆறேழு மூடை மஞ்சளித்து, சிலது முளை தள்ளியிருந்தது. மிச்சம் தப்பிவிட்டது. அவர் கூட்டோடு சாய்ந்து உட்கார்ந்தார்.

நாலு நாள் கழித்து, மழைக்குள் அதே ஜீப் வந்தது. பின்னால் ஒரு லொறியும். வரிசையில் நின்ற உழவு மெசின்காரர்கள் எட்டிப் பார்த்தார்கள். ஸம்றா முந்தானையை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டு, விலங்குக்குக் கையை நீட்டத் தயாராக நின்றாள்.

நேசராசா இறங்கி வந்து அடையாள அட்டையைச் சீனிமுகம்மதுவின் சேட்டுப் பைக்குள் வைத்தார். "சீலப் பத்தி ஒண்டும் கதைக்காதீங்க, நாங்களும் கதைக்கல்ல" என்று காதுக்குள் சொன்னார். "லொறிக்குள்ள கோப்பு. எல்லாம் மழையில ஊறிப் போச்சி. வெள்ளிக்கிழம கொழும்பில இருந்து பாக்க வாறாங்க. கந்தோர்ல காயப் போட ஒரு வழியும் இல்ல."

ஜீப்பிலிருந்து பணிப்பாளரும் இறங்கினார். குடை பிடித்திருந்தார். "அரசாங்கச் சூட்டுக்குப் பதிவு தேவையில்லை" என்று யாரும் கேட்காமலே சொன்னார். "அவசரம்."

சீனிமுகம்மது லொறியைப் பார்த்தார், தெருமுனைவரை நின்ற மெசின்களைப் பார்த்தார். ஒவ்வொன்றிலும் ஈர நெல்.

"லைன்ல விடுங்க சேர்" என்றார். "பதினேழாவது."

லொறி பின்னால் போய் நின்றது. மழை விடவில்லை. பணிப்பாளர் கொஞ்ச நேரம் ஜீப்புக்குள் இருந்தார். பிறகு இறங்கி, கொட்டகைக்குள் வந்து, கூட்டின் பக்கத்தில் நின்றார். ஸம்றா அவருக்கு ஒரு கதிரை போட்டுக் கொடுத்தாள். அவர் உட்காரவில்லை. நெல்லுக்கு மேலே கையை நீட்டிப் பிடித்தார். ஈரக் காற்று அவருடைய உள்ளங்கையை நனைத்தது. சுற்றிவரப் பார்த்தார். நேசராசா தூரத்தில் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தார். வேறு யாரும் பக்கத்தில் இல்லை.

"தங்கச்சி" என்றார் மெதுவாக, "இது எப்பிடி வேல செய்யுது?"

ஸம்றா அவருடைய முகத்தைப் பார்த்தாள். பகிடி பண்ணவில்லை என்று தெரிந்தது.

"கீழால காத்துப் போகுது சேர். மேலால வருது."

"அவ்வளவுதானா?"

"ரெண்டு பக்கமும் திறந்திருக்கணும்."

பணிப்பாளர் சட்டைப் பையிலிருந்து பேனையை எடுத்து, உள்ளங்கை ஈரத்தைக் காற்சட்டையில் துடைத்துவிட்டு, கையிலேயே அதை எழுதிக்கொண்டார்.